சுடுகிற இன்ஜினைக் குளிர்கிறது என்று சொன்னது யார்?



ஒரு பழைய கார். காலையில் சாவியைத் திருப்பியதும் ஒழுங்காகப் புறப்படுகிறது. பத்துக் கிலோமீட்டர் ஓடிய பின் கடைவீதியில் நிறுத்துகிறோம். காய்கறி வாங்கிக்கொண்டு வந்து மறுபடி ஸ்டார்ட் செய்தால் முரண்டு பிடிக்கிறது. எப்படியோ கிளம்பினாலும் நடுங்குகிறது. புகைக்குழாயிலிருந்து கரும்புகை வருகிறது. பெட்ரோல் நாற்றம் மூக்கைத் துளைக்கிறது. லிட்டருக்கு 15 கிலோமீட்டர் ஓடிய வண்டி, இப்போது 10 கிலோமீட்டர்தான் ஓடுகிறது. மறுநாள் காலையில் பார்த்தால், ஒன்றும் நடக்காததுபோல் மீண்டும் ஒழுங்காகப் புறப்படுகிறது!

எங்கே கோளாறு? இந்தக் கேள்வியைச் சென்ற ஆண்டு என்னிடம் கேட்டது என் சொந்தக் கார்தான். அது 2003-ஆம் ஆண்டு செய்யப்பட்ட சிறிய பெட்ரோல் கார்: நான்கு சிலிண்டர்கள், 1 லிட்டர் இன்ஜின், எரிபொருளைப் பீச்சும் அமைப்பு உடையது. விடையைக் கண்டுபிடிக்க எனக்குத் தேவைப்பட்ட இயற்பியல் முழுவதும் உங்கள் பாடப் புத்தகத்திலேயே இருக்கிறது. வாருங்கள், சேர்ந்தே தேடுவோம்.

கார்பரேட்டரும் இன்ஜெக்டரும்

பெட்ரோல் தனியாக எரியாது. அதற்குக் காற்று வேண்டும். 1 கிராம் பெட்ரோல் மிச்சமின்றி எரிய ஏறத்தாழ 14.7 கிராம் காற்று தேவை. பெட்ரோல் இந்த அளவுக்குக் குறைந்தால் இன்ஜின் தடுமாறும். கூடினால், எரியாத கரி புகையாக வெளியேறும். கூடவே கார்பன் மோனாக்சைடு என்னும் நச்சு வாயுவும் மிகுதியாக வரும்.

இந்தக் கலவையைப் பழைய கார்களில் கார்பரேட்டர் தயாரித்தது. குறுகிய குழாய் வழியே காற்று விரைந்து செல்லும்போது அங்கே அழுத்தம் குறைகிறது. அந்தக் குறைவு பெட்ரோலை மேலே உறிஞ்சுகிறது. எளிய, அழகான கருவி. ஆனால் வெயில், குளிர், மேடு, பள்ளம் எல்லாவற்றிலும் ஒரே துல்லியத்துடன் அளந்து கொடுக்க அதனால் முடியாது.

அதனால் பெட்ரோலை அளந்து பீச்சும் முறை வந்தது. 1954-இல் வெளிவந்த மெர்சிடிஸ் 300 எஸ்.எல். காரில் இயந்திரப் பம்ப் ஒன்றே இந்த வேலையைச் செய்தது. 1967-இல் ஜெர்மனியின் பாஷ் நிறுவனம், மின்னணுச் சுற்றினால் கட்டுப்படுத்தப்படும் டி-ஜெட்ரானிக் என்ற அமைப்பை வோல்க்ஸ்வாகன் 1600 காரில் பொருத்தியது. நம் நாட்டில் சென்னை உள்ளிட்ட நான்கு பெருநகரங்களில் 1995 முதல் புதிய பெட்ரோல் கார்களுக்குப் புகையைத் தூய்மை செய்யும் வினையூக்கி மாற்றி கட்டாயமாயிற்று. 2000-க்குப் பின் புகை விதிகள் மேலும் இறுகவே, கார்பரேட்டர் கார்களிலிருந்து விடைபெற்றது. அதன் இடத்துக்கு வந்ததுதான் இன்ஜெக்டர்.

இன்ஜெக்டர் என்பது மின்காந்தத்தால் திறக்கும் ஒரு சிறு வால்வு. பெட்ரோல் தொட்டியிலுள்ள பம்ப், பெட்ரோலை ஏறத்தாழ 3 பார் அழுத்தத்தில், அதாவது வளிமண்டல அழுத்தத்தைப்போல் சுமார் மூன்று மடங்கு அழுத்தத்தில், இன்ஜெக்டரின் வாசலில் நிறுத்தி வைக்கிறது. சுருளில் மின்சாரம் பாய்ந்ததும் ஊசி மேலெழுகிறது. பெட்ரோல் பனித்தூவலாகப் பீறிடுகிறது. மின்சாரம் நின்றதும் வில் ஊசியை அழுத்தி மூடிவிடுகிறது. அழுத்தம் மாறாதிருப்பதால், வாசல் எவ்வளவு நேரம் திறந்திருக்கிறது என்பதே பெட்ரோலின் அளவைத் தீர்மானிக்கிறது. இன்ஜின் சும்மா ஓடும்போது அந்த நேரம் ஒரு விநாடியில் ஆயிரத்தில் இரண்டு மூன்று பங்குதான்!

ஒரு சின்னக் கணக்கு

அந்த நேரத்தைத் தீர்மானிப்பது ஒரு சிறு கணிப்பொறி. அது என்ன கணக்குப் போடுகிறது?

நம் இன்ஜினில் ஒரு சிலிண்டரின் கொள்ளளவு 250 கன செ.மீ. சும்மா ஓடும்போது உள்ளே வரும் காற்றின் அழுத்தம் வளிமண்டல அழுத்தத்தில் சுமார் மூன்றில் ஒரு பங்கு. அழுத்தம், கொள்ளளவு, வெப்பநிலை மூன்றும் தெரிந்தால் வாயு விதியைக்கொண்டு காற்றின் நிறையைக் கணக்கிடலாம் அல்லவா? போட்டுப் பாருங்கள்: ஏறத்தாழ 0.1 கிராம் வரும். அதை 14.7-ஆல் வகுத்தால் 0.007 கிராம் பெட்ரோல். மருந்துத் துளியானில் விழும் ஒரு சொட்டில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கு!

நிமிடத்துக்கு 800 சுற்றுகள் சுற்றும் இன்ஜினில், ஒவ்வொரு சிலிண்டருக்கும் நிமிடத்துக்கு 400 தடவை இப்படி அளந்து ஊற்ற வேண்டும். நீங்கள் தேர்வறையில் ஒரு முறை போடும் வாயு விதிக் கணக்கை அந்தச் சிறு பெட்டி ஓயாமல் போட்டுக்கொண்டிருக்கிறது.

ஆனால் அந்தப் பெட்டிக்குக் கண்ணில்லை, கையில்லை. அழுத்தம் எவ்வளவு, வெப்பம் எவ்வளவு என்று சென்சார்கள் வயர் வழியே அனுப்பும் மின்னழுத்தம் ஒன்றுதான் அதற்குத் தெரியும். வந்த செய்தி உண்மையா என்று போய்ப் பார்க்க அதனால் முடியாது. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். நம் கதையின் முடிச்சு இங்கேதான் இருக்கிறது.

குளிர்ந்த இன்ஜினுக்குக் கூடுதல் படி

உங்கள் தாத்தாவிடம் கேட்டுப் பாருங்கள். அவர் காலத்துக் காரில் காலையில் 'சோக்' என்ற குமிழை இழுத்துவிட்டுத்தான் ஸ்டார்ட் செய்திருப்பார். குளிர்ந்த இன்ஜினில் பெட்ரோலின் ஒரு பகுதி ஆவியாகாமல் குழாய்ச் சுவரில் ஈரமாக ஒட்டிக்கொள்ளும். ஆவியானது மட்டுமே எரியும். ஆகவே கொஞ்சம் கூடுதலாக ஊற்ற வேண்டும். இன்ஜின் சூடேறியதும் குமிழை உள்ளே தள்ளிவிட வேண்டும். மறந்தால் கரும்புகைதான்.

பீச்சும் முறையில் இந்த வேலையையும் கணிப்பொறியே செய்கிறது. இன்ஜினைச் சுற்றி ஓடும் நீரில் தெர்மிஸ்டர் என்ற குறைகடத்தித் துண்டு மூழ்கியிருக்கிறது. உலோகக் கம்பியின் மின்தடை சூட்டில் கூடும் என்று படித்திருப்பீர்கள். தெர்மிஸ்டர் அதற்கு நேர் எதிர்: சூடேறினால் தடை குறையும். என் கார் போன்றவற்றில் 20 டிகிரி செல்சியசில் அதன் தடை சுமார் 2500 ஓம். 80 டிகிரியில் சுமார் 300 ஓம்தான். தடை அதிகம் என்றால் குளிர், தடை குறைவு என்றால் சூடு. இதுவே கணிப்பொறி அறிந்த பாஷை.

பட்டறையில் நடந்தது

இனி நம் காருக்கு வருவோம். நான் அதைப் பழக்கமான ஒரு பட்டறையில் விட்டேன். முதலில் ஸ்பார்க் பிளக்குகளை மாற்றினார்கள். சரியாகவில்லை. இன்ஜெக்டர்களைக் கழற்றிச் சுத்தம் செய்தார்கள். சரியாகவில்லை. நீர் வெப்பநிலைச் சென்சாரைப் புதிதாகப் போட்டார்கள். அப்போதும் சரியாகவில்லை. கடைசியில், "கம்ப்யூட்டர் போயிடுச்சு சார். புதுசு பல ஆயிரம் ஆகும். பேசாம வண்டியையே கொடுத்துடுங்க" என்றார் முதலாளி.

இருபது ஆண்டுகள் எங்கள் குடும்பத்தைச் சுமந்த வண்டி. மனம் ஒப்பவில்லை. அதோடு, எதையும் அளந்து பார்க்காமல் ஒன்றன்பின் ஒன்றாக மாற்றிக்கொண்டே போவது ஓர் இயற்பியல் ஆசிரியனுக்குப் பொறுக்குமா? பட்டறையில் வேலை செய்யும் இளைஞர் ஒருவர் ஞாயிற்றுக்கிழமை உதவிக்கு வருவதாகச் சொன்னார். நான் கல்லூரிப் படிப்புக் காலத்து மல்டிமீட்டரை எடுத்துக்கொண்டேன்.

முதல் படி, அறிகுறிகளை ஒழுங்காக எழுதுவது. காலையில் நலம், சூடேறினால் நோய். கழற்றிய பிளக்குகளின் முனையில் ஈரமில்லாத கருங்கரி. ஆக, பெட்ரோல் மிகுதி. அதுவும் சூடேறிய பின்.

இரண்டாம் படி, பெட்ரோல் மிகுவதற்கு எத்தனை வழிகள் உண்டு என்று பட்டியல் போடுவது. யோசித்தால் மூன்றே வழிகள்தான். ஒன்று, பெட்ரோலின் அழுத்தம் கூடியிருக்க வேண்டும். இரண்டு, இன்ஜெக்டர் மூடிய பிறகும் ஒழுக வேண்டும். மூன்று, கணிப்பொறியே அதிக நேரம் திறந்து வைக்க வேண்டும்.

மூன்றாம் படி, ஒவ்வொன்றையும் அளந்து நீக்குவது. குழாயில் அழுத்தமானியைப் பொருத்தினார் இளைஞர். முள் 2.9 பாரில் நின்றது, சரியான அளவு. முதல் வழி நீங்கியது. இன்ஜினை நிறுத்திப் பத்து நிமிடம் காத்திருந்தோம். முள் அநேகமாக நின்ற இடத்திலேயே நின்றது. எங்காவது ஒழுகினால் இறங்கியிருக்கும் அல்லவா? இரண்டாம் வழியும் நீங்கியது. எஞ்சியது மூன்றாவது.

கணிப்பொறி ஏன் அதிக நேரம் திறக்கிறது? அது கெட்டிருக்கலாம், அல்லது அதற்குத் தவறான செய்தி போகலாம். காற்றழுத்தச் சென்சாரின் மின்னழுத்தத்தை அளந்தோம். அது ஒழுங்காக இருந்தது. அடுத்தது வெப்பநிலை.

"சார், அதைத்தான் புதுசா மாத்தியாச்சே!" என்றார் இளைஞர்.

"மாத்தினீங்க தம்பி, அளந்தீங்களா?" என்றேன்.

சென்சாரின் கப்ளரைக் கழற்றி, சூடான இன்ஜினில் சென்சாரின் முனைகளை அளந்தோம். 310 ஓம். அப்பழுக்கில்லை! இளைஞரின் முகத்தில், 'நான் சொன்னேனே' என்ற புன்னகை. கப்ளரை மறுபடி மாட்டினோம். பாட்டரி இணைப்பை எடுத்துவிட்டு, இருக்கைக்கு முன்புறம் உள்ள கணிப்பொறியின் கப்ளரைக் கழற்றி, அதே இரண்டு வயர்களை அந்த முனையில் அளந்தோம்.

2400 ஓம்!

புன்னகை மறைந்தது. ஒரே சென்சார், ஒரே சூடு. ஒரு முனையில் 310, மறுமுனையில் 2400. நடுவில் ஏறத்தாழ 2100 ஓம் எங்கிருந்து வந்தது?

களிம்பு

சென்சாரின் கப்ளரைப் பிரித்து வெயிலில் காட்டினோம். வயரைப் பற்றியிருக்கும் செப்புத் தகடுகளில் பச்சையாகப் பூத்திருந்தது. வீட்டில் புளி போட்டுத் தேய்க்காத செப்புக் குடத்தில் பிடிக்குமே, அதே களிம்பு! என்றோ கசிந்த நீர் உள்ளே இறங்கி, ஆண்டுக்கணக்கில் செம்பை அரித்திருக்கிறது. களிம்பு மின்சாரத்தை எளிதில் கடத்தாது. சென்சாரை மாற்றியவர்கள் புதுச் சென்சாரை அதே பழைய கப்ளரில்தான் மாட்டியிருக்கிறார்கள். செய்தி அனுப்புபவரை மாற்றினார்கள். செய்தி போகும் வழியை யாரும் பார்க்கவில்லை.

விளைவை ஓம் விதியால் கணக்கிடலாம். கணிப்பொறி 5 வோல்ட்டை ஒரு நிலையான தடை வழியாகத் தெர்மிஸ்டருக்கு அனுப்பி, தெர்மிஸ்டர் பக்கம் எவ்வளவு வோல்ட் விழுகிறது என்று பார்க்கிறது. நிலையான தடை 2500 ஓம் என்று வைத்துக்கொள்வோம். சூடான இன்ஜினில் தெர்மிஸ்டர் 300 ஓம் என்றால், விழுவது 0.54 வோல்ட். களிம்பின் 2100 ஓம் தொடரிணைப்பில் சேர்ந்தால் 2400 ஓம் ஆகிறது, விழுவது 2.45 வோல்ட். இது 20 டிகிரிக்குச் சற்று மேலான வெப்பநிலையின் அளவு! இன்ஜின் கொதித்துக்கொண்டிருக்க, கணிப்பொறிக்கோ, "இன்னும் குளிர்தான்" என்று செய்தி. அது சோக்கை இழுத்தபடியே வைத்திருக்கிறது.

காலையில் மட்டும் ஏன் நலம்? அப்போது தெர்மிஸ்டரே சுமார் 1900 ஓம். களிம்பும் சேர்ந்து 4000 ஓம். கணிப்பொறி சுமார் 10 டிகிரி என்று எண்ணி, சிறிது கூடுதலாக ஊற்றும். குளிர்ந்த இன்ஜின் அதைத் தாங்கிக்கொள்ளும். சூடேறச் சூடேறத்தான் பொய்க்கும் மெய்க்கும் இடைவெளி விரிகிறது.

இங்கே உங்களுள் சிலர் மூன்று கேள்விகள் கேட்பீர்கள். கேட்கத்தான் வேண்டும்.

டாஷ்போர்டிலுள்ள வெப்ப முள் சரியாகக் காட்டியதே, எப்படி? என் காரில் அந்த முள்ளுக்குத் தனிச் சென்சார், தனி வயர்.

கோளாறு விளக்கு ஏன் எரியவில்லை? வயர் அறுந்தால் தடை எல்லையற்றதாகும். இரண்டு வயர்கள் ஒட்டிக்கொண்டால் சுழியாகும். இத்தகைய நடக்கவே முடியாத அளவு வந்தால்தான் அந்தக் காலத்துக் கணிப்பொறி விளக்கை ஏற்றும். 2400 ஓம் என்பதோ நம்பத்தகுந்த அளவு. அப்பட்டமான பொய் உடனே பிடிபடும். நம்பும்படியான பொய்தான் நாள்கணக்கில் ஓடும்.

புகைக்குழாயிலுள்ள ஆக்சிஜன் சென்சார் காட்டிக் கொடுக்கவில்லையா? பெட்ரோல் மிகுந்தால் 0.9 வோல்ட்டும், குறைந்தால் 0.1 வோல்ட்டும் காட்டிக் கலவையைத் திருத்துவதுதான் அதன் வேலை. ஆனால் இன்ஜின் சூடாகும்வரை அதன் சொல்லைக் கணிப்பொறி கேட்பதில்லை. இன்ஜின் 'சூடாகவே' இல்லையே! உண்மையைச் சொல்லும் சாட்சி வாசலிலேயே நின்றுவிட்டது.

தீர்ப்புக்கு முன் ஒரு சோதனை

குற்றவாளி பிடிபட்டுவிட்டான் என்று உடனே தீர்ப்புச் சொல்லக் கூடாது. களிம்பும் இருந்தது, கோளாறும் இருந்தது; அதனால்தான் இது என்று நிலைநாட்ட வேண்டாமா? கப்ளருக்கு இரண்டு விரற்கடை பின்னால் வயர்களை வெட்டினோம். அந்த முனைகளுக்கிடையே 330 ஓம் தடை ஒன்றை இணைத்தோம். ஆரஞ்சு, ஆரஞ்சு, பழுப்பு வளையங்கள் போட்ட, மிக மலிவான பொருள். பாட்டரியை இணைத்து, சூடான இன்ஜினை ஸ்டார்ட் செய்தோம். முதல் திருப்பிலேயே பிடித்தது! சிறிது நேரத்தில் நடுக்கமும் கரும்புகையும் அடங்கின. தடையை எடுத்துவிட்டுப் பழைய கப்ளரை இணைத்தோம். கோளாறு திரும்பி வந்தது. மற்ற அனைத்தையும் மாற்றாமல் ஒன்றை மட்டும் மாற்றிப் பார்ப்பதற்குப் பெயர்தான் சோதனை.

பிறகு களிம்பு ஏறிய பகுதியை வெட்டி எறிந்து, புதுக் கப்ளரைப் போட்டுப் பற்றவைத்தோம். செலவு நூறு ரூபாய்க்கும் குறைவு. வண்டி மறுபடி லிட்டருக்கு 15 கிலோமீட்டர் ஓடுகிறது. இன்னொரு இழப்பும் தப்பியது. எரியாத பெட்ரோல் நெடுநாள் போய்க்கொண்டிருந்தால் அது வினையூக்கி மாற்றிக்குள் எரிந்து, அளவுக்கு மீறிய சூட்டால் அதைக் கெடுத்துவிடும்.

எல்லாப் பழைய கார்களுக்கும் இதுவே நோய் என்று எண்ணிவிடாதீர்கள். மேடேறும்போது இழுக்கவில்லையென்றால் பெட்ரோல் ஃபில்டர் அடைத்திருக்கலாம், அழுத்தமானி சொல்லும். சாவியைத் திருப்பியதும் பின்புறம் கேட்கும் 'ம்ம்ம்' ஒலி கேட்காவிட்டால் பம்ப்பின் ஃபியூசையும் ரிலேயையும் பார்க்க வேண்டும். 2025-இல் நம் நாட்டுப் பெட்ரோலில் எத்தனால் 20 சதவீதத்தை எட்டியது. 1 கிராம் எத்தனாலுக்கு 9 கிராம் காற்றே போதும். ஆகவே கலவைக் கணக்கு சற்று மாறுகிறது. பழைய ரப்பர்க் குழாய்களை எத்தனால் நைந்துபோகச் செய்யலாம் என்பதால் அவற்றையும் அவ்வப்போது பார்ப்பது நல்லது. நோய் எதுவானாலும் முறை ஒன்றுதான்: எழுது, பட்டியலிடு, அள, நீக்கு, சோதி.

நீங்களும் செய்து பாருங்கள்

காரின் பெட்ரோல் குழாய்களில் நீங்கள் கை வைக்கக் கூடாது. அழுத்தத்தில் உள்ள பெட்ரோல் பீறிட்டால் பெரும் தீ விபத்து நேரும். அது பயிற்சி பெற்றவர் வேலை. ஆனால் கணிப்பொறியை ஏமாற்றிய அதே பொய்யை நீங்கள் மேசைமேல் படைக்கலாம்.

மின்னணுப் பொருள் கடையில் 10 கிலோ ஓம் தெர்மிஸ்டர் ஒன்று வாங்குங்கள். அதன் கால்கள் நனையாதபடி சிறு பிளாஸ்டிக் உறைக்குள் இட்டு, ஒரு வெப்பமானியுடன் சேர்த்துக் குவளை நீரில் வையுங்கள். முதலில் பனிக்கட்டி நீர், பிறகு சாதாரண நீர், பிறகு பெரியவர் ஒருவர் ஊற்றித் தரும் வெந்நீர். ஒவ்வொரு வெப்பநிலையிலும் மல்டிமீட்டரில் தடையைக் குறித்து, வரைபடம் வரையுங்கள். கோடு நேராக இராது, வளைந்து இறங்கும்.

இப்போது தெர்மிஸ்டருடன் 8.2 கிலோ ஓம் தடையைத் தொடரிணைப்பில் சேருங்கள். தெர்மிஸ்டரை 80 டிகிரி நீரில் வைத்து மொத்தத் தடையை அளந்து, அது எந்த வெப்பநிலையைக் குறிக்கிறது என்று உங்கள் வரைபடத்தில் பாருங்கள். விரலைச் சுடும் நீரை உங்கள் வரைபடம், "சாதாரண நீர்" என்று சொல்லும்!

அன்று உதவிய இளைஞர் இப்போது சட்டைப்பையில் 330 ஓம் தடை ஒன்றை வைத்திருக்கிறார். சென்ற மாதம் பார்த்தபோது, "சார், இப்பெல்லாம் ரெண்டு முனையிலயும் அளந்து பாத்துட்டுத்தான் பார்ட்ஸ் மாத்தச் சொல்றேன்" என்றார். எனக்கு அது ஒரு நல்ல விடைத்தாளைத் திருத்தியது போல இருந்தது.